அதிகாரமும் பகுத்தறிவும்: ராபர்ட் மோசஸ் காலத்து நியூயார்க் பெருந்திட்டங்கள்

பாலம், நெடுஞ்சாலை, அணை, விமான நிலையம் போன்ற பெரும் பொதுக் கட்டுமானத் திட்டங்கள் ஆய்வுகளின் அடிப்படையில் முடிவாவதாகவே பொதுவாகக் கருதப்படுகிறது. நிலம் அளக்கப்படுகிறது, செலவு கணக்கிடப்படுகிறது, மாற்று வழிகள் ஒப்பிடப்படுகின்றன, அவற்றுள் சிறந்தது தேர்ந்தெடுக்கப்படுகிறது. ஆனால் பல திட்டங்களில் இந்த வரிசை தலைகீழாக நடந்திருப்பதை வரலாறு காட்டுகிறது. முடிவு முதலில் எடுக்கப்படுகிறது. அதை நியாயப்படுத்தும் கணக்குகள் பின்னால் வந்து சேர்கின்றன.

இதை விளங்கிக்கொள்ள உதவும் வரலாறுகளுள் ஒன்று, 1924 முதல் 1968 வரை நியூயார்க் மாநிலத்திலும் நகரத்திலும் பொதுப்பணிகளைக் கையில் வைத்திருந்த ராபர்ட் மோசஸின் (1888–1981) வரலாறு ஆகும். அவர் எந்தப் பதவிக்கும் மக்களால் தேர்ந்தெடுக்கப்பட்டவர் அல்லர். 1934 இல் மாநில ஆளுநர் பதவிக்குப் போட்டியிட்டுத் தோற்றார். ஆயினும் ஒரு கட்டத்தில் பன்னிரண்டு பொதுப் பதவிகளை ஒரே நேரத்தில் வகித்தார். 13 பாலங்கள், 416 மைல் நீளமுள்ள பூங்காச் சாலைகள், நகரத்தில் 658 விளையாட்டுத் திடல்கள் ஆகியன அவர் பெயரோடு சேர்த்துச் சொல்லப்படுகின்றன. அவரது அதிகாரம் எவ்வாறு கட்டப்பட்டது, எவ்வாறு பயன்பட்டது என்பதை ராபர்ட் கேரோ 1974 இல் வெளியிட்ட 'தி பவர் புரோக்கர்' என்ற வாழ்க்கை வரலாறு விரிவாகப் பதிவு செய்தது.

கோட்பாட்டுப் பின்னணி

திட்டமிடலில் அதிகாரத்துக்கும் பகுத்தறிவுக்கும் உள்ள உறவை நுணுகி ஆராய்ந்தவர்களுள் டென்மார்க் அறிஞர் பென்ட் ஃபிளைவ்பியர்க் குறிப்பிடத்தக்கவர். அந்நாட்டின் ஆல்போர்க் நகரத்தில் 1970களின் பிற்பகுதியில் தொடங்கிய ஒரு போக்குவரத்துத் திட்டத்தை அவர் ஆண்டுக்கணக்கில் பின்தொடர்ந்தார். நகர மையத்தில் கார்களைக் குறைத்துப் பேருந்து, சைக்கிள், நடைப்பயணம் ஆகியவற்றுக்கு இடமளிப்பதே அத்திட்டத்தின் நோக்கம். வணிகர் சங்கம் முதலிய அமைப்புகளின் அழுத்தத்தால் திட்டம் துண்டு துண்டாக மாற்றப்பட்டது. சைக்கிள் ஓட்டுவோர் விபத்துகளைக் குறைப்பது ஒரு முக்கிய இலக்காக இருந்தது; அவ்விபத்துகள் கூடவே செய்தன.

அதிகாரம் உண்மையைப் புறக்கணிப்பதோடு நிற்பதில்லை, எது உண்மையாக எண்ணப்பட வேண்டும் என்பதையே வரையறுக்கிறது என்பது அவர் எட்டிய முடிவு. அதிகாரம் உள்ளவருக்குக் காரணங்கள் தேவைப்படுவது குறைவு. அதிகாரம் இல்லாதவருக்கோ காரணங்களைத் தவிர வேறு ஆயுதம் இல்லை. அந்நூல் 1991 இல் டேனிய மொழியிலும் 1998 இல் ஆங்கிலத்திலும் வெளிவந்தது. மோசஸ் அதற்குப் பல ஆண்டுகள் முன்பே மறைந்துவிட்டார். எனினும் அவரது திட்டங்களைப் படிக்க இந்தப் பார்வை பெரிதும் உதவுகிறது.

சீர்திருத்தக்காரராகத் தொடக்கம்

யேல், ஆக்ஸ்போர்டு, கொலம்பியா ஆகிய பல்கலைக்கழகங்களில் பயின்ற மோசஸ், அரசுப் பணி சீர்திருத்தத்தில் நம்பிக்கை கொண்ட இளைஞராகவே பொதுவாழ்வுக்குள் நுழைந்தார். அக்காலத்து நியூயார்க் நகர நிர்வாகத்தில் வேலையும் பதவி உயர்வும் பெரும்பாலும் டம்மனி ஹால் என்ற கட்சி அமைப்பின் தயவால் கிடைத்தன. ஒவ்வொரு ஊழியரின் பணியையும் மதிப்பெண் இட்டு அளந்து, தகுதியின்படி ஊதியமும் உயர்வும் வழங்கும் முறையை மோசஸ் வகுத்தார். சீர்திருத்தத்தை ஆதரித்த மேயர் ஜான் மிட்செல் 1917 தேர்தலில் தோற்று டம்மனி ஹால் மீண்டும் ஆட்சிக்கு வந்ததும் அந்த முறை கைவிடப்பட்டது. மோசஸும் வேலை இழந்தார்.

நல்ல காரணங்கள் தம்மளவில் எதையும் சாதிப்பதில்லை என்ற பாடத்தை அவர் இங்கே கற்றார் என்று கேரோ கருதுகிறார். பின்னர் ஆளுநர் ஆல் ஸ்மித்தின் நம்பிக்கைக்கு உரியவராகிச் சட்ட முன்வரைவுகள் எழுதுவதில் வல்லவரானார். 1924 இல் லாங் ஐலண்ட் மாநிலப் பூங்கா ஆணையம் அமைந்தபோது அதற்கான சட்டத்தை எழுதியவரும் அவரே, தலைவரானவரும் அவரே. நிலத்தைக் கையகப்படுத்துவது பற்றிய பிரிவில், பழைய சட்டம் ஒன்றின் விளக்கத்தைச் சுட்டும் ஒரு சொல் இடம்பெற்றிருந்தது. ஆணையத்தின் ஆட்கள் நிலத்தில் காலடி வைத்து, அது இனி மாநிலத்துக்கு உரியது என்று அறிவிக்கலாம் என்பதே அச்சொல்லின் பொருள். சட்டமன்ற உறுப்பினர்கள் பலர் அதைக் கவனிக்காமலே வாக்களித்தனர்.

வளைந்த சாலை

நகர மக்கள் கடற்கரைக்கும் பூங்காக்களுக்கும் செல்ல லாங் ஐலண்டில் சாலைகள் அமைப்பது மோசஸின் முதல் பெருங்கனவு. 1929 இல் திறக்கப்பட்ட ஜோன்ஸ் கடற்கரைப் பூங்கா அக்காலத்தில் பெரும் பாராட்டைப் பெற்றது. அதுவரை செல்வந்தர்களின் மாளிகைத் தோட்டங்களால் மறிக்கப்பட்டிருந்த தீவில் பொதுமக்களுக்கு இடம் பிடித்துத் தந்தவர் என்ற புகழ் அவருக்குக் கிடைத்தது.

ஆனால் வடக்குப் பகுதிப் பூங்காச் சாலையின் வழித்தடம் வேறு ஒரு கதையையும் சொல்கிறது. வங்கியாளர் ஓட்டோ கானின் தனியார் கோல்ஃப் மைதானத்தின் ஊடே முதலில் வழி வரையப்பட்டிருந்தது. நில அளவைச் செலவுக்கென்று அவர் 10,000 டாலர் நன்கொடை அளித்ததும் வழி நகர்த்தப்பட்டது என்று கேரோ எழுதுகிறார். செல்வாக்குள்ள வேறு சிலரின் தோட்டங்களையும் தவிர்த்து நகர்ந்த அந்தக் கோடு, இறுதியில் சிறு விவசாயிகளின் வயல்களை இரண்டாகப் பிளந்தது. சாலையைச் சில நூறு அடி தள்ளி, நிலத்தின் ஓரமாகக் கொண்டுபோகும்படி ஒரு விவசாயக் குடும்பம் வேண்டியது. பொறியியல் காரணங்களால் அது இயலாது என்று பதில் வந்தது. மாளிகைகளுக்காக மைல் கணக்கில் வளைந்த சாலை, வயலுக்காகச் சில நூறு அடிகூட வளையவில்லை. "பொறியியல் காரணம்" என்பது மேற்கொண்டு கேள்வி கேட்க விடாத சொல்லாக இங்கே பயன்பட்டது.

கடன் பத்திரங்களில் எழுதப்பட்ட அதிகாரம்

1934 இல் மேயர் லாகார்டியா மோசஸை நகரப் பூங்காத் துறை ஆணையராக நியமித்தார். அதே ஆண்டு ட்ரைபரோ பாலம் ஆணையத்திலும் அவர் இடம்பெற்றார். மன்ஹாட்டன், பிராங்க்ஸ், குவீன்ஸ் ஆகிய மூன்று பகுதிகளை இணைக்கும் ட்ரைபரோ பாலம் 1936 ஜூலை 11 அன்று திறக்கப்பட்டது.

இத்தகைய ஆணையம் ஒரு தற்காலிக ஏற்பாடாகவே கருதப்பட்டது. கடன் பத்திரங்கள் விற்றுப் பாலம் கட்டுவது, சுங்கக் கட்டணம் வசூலித்துக் கடனை அடைப்பது, பிறகு கலைந்துபோவது என்பதே அதன் இயல்பு. மோசஸ் இதை மாற்றினார். 1930களின் பிற்பகுதியில் அவர் எழுதிய சட்டத் திருத்தங்கள், பழைய பத்திரங்களுக்குப் பதிலாகப் புதிய பத்திரங்கள் வெளியிடவும், புதிய திட்டங்களை மேற்கொள்ளவும் ஆணையத்துக்கு உரிமை அளித்தன. கடன் தீராதவரை ஆணையமும் தீராது.

அதைவிட நுட்பமான ஏற்பாடும் ஒன்று உண்டு. ஆணையத்தின் அதிகாரங்களைப் பத்திரதாரர்களுடனான ஒப்பந்தத்திலேயே அவர் எழுதி வைத்தார். ஒப்பந்தக் கடமைகளைக் குலைக்கும் சட்டத்தை எந்த மாநிலமும் இயற்றக்கூடாது என்பது அமெரிக்க அரசமைப்புச் சட்டத்தின் விதி. ஆகவே மேயரோ ஆளுநரோ சட்டமன்றமோ அந்த அதிகாரங்களை எளிதில் பறிக்க முடியாத நிலை உருவானது. ஒவ்வொரு காரிடமிருந்தும் கிடைத்த சில்லறைக் காசு, வரவுசெலவுத் திட்ட விவாதம் எதற்கும் உட்படாத பெரும் நிதியாகத் திரண்டது. நகரத்தின் கருவூலம் வறண்டிருந்த காலத்தில் கையில் பணமும், ஆயத்தமான வரைபடங்களும், பொறியாளர் குழுவும் வைத்திருந்தவர் அவர். எனவே எந்தத் திட்டம் நடைபெறும் என்பதைத் தீர்மானிக்கும் வாய்ப்பும் அவருக்கே வந்தது.

பாலமா, சுரங்கமா

மன்ஹாட்டனின் தென்முனையான பேட்டரி பகுதியைப் புரூக்ளினோடு இணைக்க நீரடிச் சுரங்கப்பாதை அமைப்பதென்பது ஏற்கனவே இருந்த திட்டம். அதைக் கட்டவிருந்த சுரங்க ஆணையத்திடம் போதிய பணம் இல்லை. 1939 தொடக்கத்தில் மோசஸ், சுரங்கத்துக்குப் பதிலாகப் பாலம் கட்டப்படும் என்று அறிவித்தார். பாலமே மலிவு, பாலத்திலேயே அதிக வாகனங்கள் செல்லும் என்பது அவரது வாதம். அணுகு சாலைகளுக்கான செலவும், நகரின் முகப்பும் பேட்டரி பூங்காவும் அடையப்போகும் சேதமும், சரியும் நில மதிப்பும் கணக்கில் சேர்க்கப்படவில்லை என்று நகரத் திட்ட அறிஞர்களும் குடிமக்கள் அமைப்புகளும் எடுத்துக்காட்டினர். ஆயினும் நகரின் அமைப்புகள் பாலத்துக்கு ஒப்புதல் அளித்தன. வேறு யாரிடமும் பணம் இல்லை என்பதே தீர்மானிக்கும் காரணமாக இருந்தது.

பாலத்தைத் தடுத்தது அதைவிடப் பெரிய ஓர் அதிகாரம். குடியரசுத் தலைவர் ஃபிராங்க்ளின் ரூஸ்வெல்ட்டுக்கும் மோசஸுக்கும் பழைய பகை இருந்தது. 1939 ஜூலையில் அமெரிக்கப் போர்த் துறை பாலத்துக்கு அனுமதி மறுத்தது. போர்க்காலத்தில் பாலம் தகர்க்கப்பட்டால் புரூக்ளின் கடற்படைத் தளத்துக்குச் செல்லும் நீர்வழி அடைபடும் என்பது சொல்லப்பட்ட காரணம். ஆனால் அந்தத் தளத்துக்கும் கடலுக்கும் இடையே புரூக்ளின் பாலமும் மன்ஹாட்டன் பாலமும் பல ஆண்டுகளாகவே நின்றுகொண்டிருந்தன.

சுரங்கப்பாதை 1950 இல் திறக்கப்பட்டது. நகரின் தென்முனை காப்பாற்றப்பட்டது என்று இன்று பலரும் நிம்மதி கொள்கிறார்கள். எனினும் அந்த நல்ல முடிவைத் தந்தவை குடிமக்கள் அமைப்புகள் முன்வைத்த வலுவான காரணங்கள் அல்ல. பலவீனமான ஒரு காரணத்தை முன்வைத்த மேலதிகாரமே அதைத் தந்தது. தோல்விக்குப் பின் மோசஸ், சுரங்கப் பணியால் அடித்தளம் பாதிக்கப்படும் என்று கூறி, பேட்டரி பூங்காவில் பெரும் கூட்டத்தை ஈர்த்துவந்த மீன் காட்சியகத்தை 1941 இல் மூடினார். 1946 இல் சுரங்க ஆணையமும் அவரது ஆணையத்துடன் இணைக்கப்பட்டது.

ஈஸ்ட் டிரெமான்ட்

இரண்டாம் உலகப் போருக்குப் பின் கட்டப்பட்ட கிராஸ் பிராங்க்ஸ் விரைவுச்சாலை, அடர்ந்த குடியிருப்புகளின் நடுவே வெட்டிச் செல்லப்பட்ட சாலையாகும். பணி 1948 இல் தொடங்கி 1963 வரை நடந்தது. ஏறக்குறைய ஏழு மைல் நீளமுள்ள இச்சாலை நூற்றுக்கும் மேற்பட்ட தெருக்களையும், சுரங்க ரயில் தடங்களையும், இருப்புப் பாதைகளையும், வேறு விரைவுச்சாலைகளையும் கடக்க வேண்டியிருந்தது. பொறியியல் வகையில் அது ஒரு சாதனையே.

அதன் ஒரு மைல் நீளம் ஈஸ்ட் டிரெமான்ட் என்ற பகுதி வழியே சென்றது. அங்கு வாழ்ந்தவர்களில் பலர் ஆடைத் தொழிலில் வேலை செய்த, கீழ் நடுத்தர வர்க்க யூதக் குடும்பத்தினர். வாடகைக் கட்டுப்பாட்டின் கீழ் இருந்த விசாலமான வீடுகள், அருகிலேயே பூங்கா, பள்ளி, கடைத்தெரு, உறவினர் என அவர்கள் வாழ்வு அமைந்திருந்தது. 1952 டிசம்பர் 4 தேதியிட்ட கடிதம் ஒன்று, 90 நாட்களில் வீட்டைக் காலி செய்ய வேண்டும் என்று அவர்களுக்குத் தெரிவித்தது. அந்த ஒரு மைலுக்காக 54 அடுக்குமாடிக் கட்டடங்கள் இடிக்கப்பட இருந்தன. 1,530 குடும்பங்கள் வெளியேற வேண்டும்.

குடியிருப்பாளர்கள் சங்கம் அமைத்தனர். முன்னின்றவர்களில் பலர் குடும்பப் பெண்கள். தொழில்முறைப் பொறியாளர்கள் சிலரின் உதவியோடு மாற்று வழி ஒன்றும் வரையப்பட்டது. சாலையை இரண்டு தெரு தெற்கே, குரோட்டோனா பூங்காவின் வடக்கு ஓரத்தை ஒட்டிக் கொண்டுசென்றால் ஆறு கட்டடங்களை இடித்தால் போதும். 19 குடும்பங்களே வெளியேற நேரிடும். வழியும் நேராகவே அமையும்.

ஒரு பக்கம் 1,530, மறுபக்கம் 19. எண்களே முடிவு செய்யும் என்றால் இங்கே விவாதத்துக்கே இடமில்லை. ஆனால் மோசஸ் மாற்று வழியைப் பரிசீலிக்க மறுத்தார். வழித்தடத்தை மாற்றினால் மாநில, மத்திய நிதி கிடைக்காது என்ற எச்சரிக்கை நகர நிர்வாகத்தின் முன் வைக்கப்பட்டது. 1953 தேர்தல் பிரச்சாரத்தின்போது குடியிருப்பாளர்களுக்கு ஆதரவளிப்பதாக உறுதி கூறிய ராபர்ட் வாக்னர், மேயரான பின் அந்த உறுதியைக் காக்கவில்லை. வீடுகள் இடிக்கப்பட்டன. மாற்று வழி ஏன் நிராகரிக்கப்பட்டது என்பதற்கு ஏற்கத்தக்க விளக்கம் எதுவும் தரப்படவில்லை. அந்த வழியில் ஒரு பேருந்து நிறுவனத்தின் பணிமனை இருந்ததையும், அதற்கு உள்ளூர் அரசியலில் செல்வாக்கு இருந்ததையும் கேரோ சுட்டிக்காட்டுகிறார்.

கேட்கப்படாத கணக்கு

அதிகாரம் பகுத்தறிவைப் பாதிப்பது இடிக்கப்பட்ட வீடுகளில் மட்டும் தெரிவதில்லை. எந்தக் கேள்விகள் எழுப்பப்படவே இல்லை என்பதிலும் தெரிகிறது. ட்ரைபரோ பாலம் நெரிசலைத் தீர்க்கும் என்று எதிர்பார்க்கப்பட்டது. அது நிரம்பியது. 1939 இல் பிராங்க்ஸ்–வைட்ஸ்டோன் பாலம் திறக்கப்பட்டது. அதுவும் நிரம்பியது. புதிய சாலை புதிய வாகனங்களை ஈர்க்கிறது என்பதை அக்காலத்திலேயே சிலர் கவனித்தனர். சுங்கக் கட்டணத்தில் வாழும் ஆணையத்துக்கோ நிரம்பி வழியும் பாலம் தோல்வியாகத் தெரியவில்லை. அடுத்த பாலத்துக்கான வருவாயாகத் தெரிந்தது.

விமான நிலையத்துக்குச் செல்லும் வான் விக் விரைவுச்சாலை அமைந்தபோது, நடுவே ரயில் தடத்துக்கு இடம் விட்டுவைக்கும் யோசனை முன்வைக்கப்பட்டது. நிலம் மலிவாகக் கிடைத்த காலம் அது. மோசஸ் அதை ஏற்கவில்லை. லாங் ஐலண்ட் விரைவுச்சாலையிலும் இதுவே நடந்தது. வான் விக் சாலையின் நடுவே தூண்கள் எழுப்பி விமான நிலைய ரயில் ஓடத் தொடங்கியது 2003 இல்தான்.

எதிர்ப்பும் வீழ்ச்சியும்

1950களில் கிரீன்விச் வில்லேஜ் பகுதியின் வாஷிங்டன் சதுக்கப் பூங்கா ஊடாகச் சாலை அமைக்கும் திட்டத்தை அப்பகுதிப் பெண்கள் எதிர்த்தனர். ஷெர்லி ஹேஸ், ஜேன் ஜேக்கப்ஸ் ஆகியோர் அவர்களுள் குறிப்பிடத்தக்கவர்கள். 1958 இல் பூங்கா வாகனங்களுக்கு மூடப்பட்டது. பிரச்சாரத்தின் வலிமையோடு இன்னொன்றும் துணை நின்றது. டம்மனி ஹாலின் தலைவராக இருந்த கார்மைன் டி சாப்பியோ அதே பகுதியில் வசித்தவர். அவர் குடியிருப்பாளர்கள் பக்கம் பேசினார்.

கீழ் மன்ஹாட்டனைக் குறுக்கே வெட்டும் விரைவுச்சாலைத் திட்டம் ஏறக்குறைய 2,000 குடும்பங்களையும் 800 வணிக நிறுவனங்களையும் அகற்றியிருக்கும். 1962 டிசம்பரில் நகர மதிப்பீட்டு வாரியம் அதை நிராகரித்தது. திட்டம் மீண்டும் உயிர்பெற்றது. 1968 இல் ஒரு பொதுக் கூட்டத்தில் ஜேக்கப்ஸ் கைது செய்யப்பட்டார். 1969 இல் திட்டம் முற்றாகக் கைவிடப்பட்டது. இடிபடவிருந்த சோஹோ பகுதி இன்று நகரின் விலையுயர்ந்த இடங்களுள் ஒன்று.

மோசஸை இறக்கியதும் இன்னொரு அதிகாரமே. வேண்டியது கிடைக்காதபோது பதவி விலகுவேன் என்று மிரட்டுவது அவரது வழக்கம். 1962 இல் ஆளுநர் நெல்சன் ராக்பெல்லர் அந்த விலகலை ஏற்றுக்கொண்டார். 1968 இல் ட்ரைபரோ ஆணையம் மாநகரப் போக்குவரத்து ஆணையத்தில் இணைக்கப்பட்டது. பத்திர ஒப்பந்தம் என்னும் கவசம் இங்கே பயன்படவில்லை. பத்திரதாரர்களின் சார்பாளராக இருந்த சேஸ் மன்ஹாட்டன் வங்கியின் தலைமையில் ஆளுநரின் சகோதரர் டேவிட் ராக்பெல்லர் இருந்தார்; வழக்கு சமரசத்தில் முடிந்தது. அன்று முதல் பாலங்களின் சுங்க உபரி, மோசஸ் நிதி தர மறுத்துவந்த சுரங்க ரயில், பேருந்து சேவைகளுக்குத் துணையாகிறது.

மறுமதிப்பீடு

கேரோவின் சித்திரத்தைப் பிற்கால ஆய்வாளர்கள் சில இடங்களில் திருத்தியுள்ளனர். 2007 இல் ஹிலாரி பேலன், கென்னத் ஜாக்சன் ஆகியோரின் முயற்சியால் கண்காட்சிகளும் ஒரு நூலும் வெளிவந்தன. பூங்காக்கள், நீச்சல் குளங்கள், பாலங்கள் இல்லாத நியூயார்க்கை எண்ணிப் பார்க்கும்படி அவை கேட்டன. பிராங்க்ஸின் சரிவுக்கு ஒரு சாலையை மட்டும் காரணமாக்க முடியாது என்றும், பிராங்க்ஸைக் கடக்கும் நெடுஞ்சாலை பற்றிய எண்ணம் மோசஸுக்கு முன்பே வட்டாரத் திட்டங்களில் இருந்தது என்றும் வாதிடப்பட்டது. அதே காலத்தில் அமெரிக்காவின் பல நகரங்கள், மோசஸ் போன்ற ஒருவர் இல்லாமலே, இத்தகைய சாலைகளால் பிளக்கப்பட்டன.

இந்த வாதங்களில் வலு உண்டு. ஆனால் அவை 1,530-க்கும் 19-க்கும் இடையிலான கேள்விக்கு விடை தருவதில்லை. சாலை தேவைதானா என்பது ஒரு கேள்வி. அது ஏன் அந்த வழியில் போனது என்பது வேறு கேள்வி.

இன்றைய பொருத்தம்

மோசஸ் போன்ற தனிமனிதர்கள் இன்று அரிது. ஆனால் கணக்குகள் முடிவுக்குப் பின்னால் செல்லும் பழக்கம் மறையவில்லை. ஃபிளைவ்பியர்க்கும் அவரது குழுவினரும் 2002 இல் 20 நாடுகளைச் சேர்ந்த 258 போக்குவரத்துத் திட்டங்களின் செலவை ஒப்பிட்டனர். பத்தில் ஒன்பது திட்டங்களில் மதிப்பீட்டைவிடச் செலவு கூடியிருந்தது. சராசரி உயர்வு ரயில் திட்டங்களில் 45 விழுக்காடு, பாலங்களிலும் சுரங்கங்களிலும் 34 விழுக்காடு, சாலைகளில் 20 விழுக்காடு. எழுபது ஆண்டுகளில் மதிப்பீடுகள் துல்லியமடைந்ததற்கான அறிகுறி இல்லை. வெறும் தவறு என்றால் காலப்போக்கில் அனுபவம் அதைத் திருத்தியிருக்கும். செலவு கூடுவதும் குறைவதும் ஏறக்குறையச் சமமாக இருந்திருக்கும். ஒப்புதல் பெறுவதற்காகவே செலவு குறைத்துக் காட்டப்படுகிறது என்பது அவர்களின் முடிவு.

இதற்கு மாற்றாக உருவானவை பெரும்பாலும் நடைமுறை ஏற்பாடுகளே. 1970 இல் நடைமுறைக்கு வந்த அமெரிக்கத் தேசியச் சுற்றுச்சூழல் கொள்கைச் சட்டம், மத்திய அரசு சார்ந்த பெருந்திட்டங்களுக்குத் தாக்க அறிக்கையைக் கட்டாயமாக்கியது. மாற்று வழிகளையும் அந்த அறிக்கை ஆராய வேண்டும். ஆராயவில்லை என்றால் பாதிக்கப்படுவோர் நீதிமன்றம் செல்லலாம். பிரிட்டனில் 2000களின் தொடக்கம் முதல், இதே வகையில் முன்பு முடிந்த திட்டங்களின் உண்மைச் செலவோடு ஒப்பிட்டுப் புதிய மதிப்பீட்டைத் திருத்தும் முறை பின்பற்றப்படுகிறது.

ஈஸ்ட் டிரெமான்ட் மக்களிடம் வரைபடம் இருந்தது, பொறியாளர்களின் ஆதரவு இருந்தது, மறுக்க முடியாத எண்கள் இருந்தன. அவற்றுக்குப் பதில் சொல்லியே தீர வேண்டும் என்ற கட்டாயம் மட்டும் எதிர்த்தரப்புக்கு இல்லை. பிற்காலச் சட்டங்கள் செய்ய முயன்றது, அந்தக் கட்டாயத்தை உருவாக்குவதைத்தான்.